பனிக்கட்டித் தாழ்ப்பாள்

மஞ்சள் உறை, ஈயத் தோட்டா: இத்தாலியக் குற்றப்படங்களின் கதை – 17

சமையலறைத் தரையில் ஒரு பெண் மயங்கிக் கிடக்கிறாள். கேஸ் திறந்துவிடப்பட்டிருக்கிறது. அவளைக் கிடத்தியவன் இனி வெளியேற வேண்டும். ஆனால் அவன் போன பிறகு கதவு உள்பக்கமாகத் தாழிட்டிருக்க வேண்டும். அப்போதுதான் நாளைக்கு அது தற்கொலை. ஒரு பனிக்கட்டியை எடுக்கிறான். தாழ்ப்பாளைத் தூக்கி, அது விழாதபடி பனிக்கட்டியை முட்டுக் கொடுக்கிறான். கதவைச் சாத்திக்கொண்டு போய்விடுகிறான். கட்டி கரையக் கரையத் தாழ்ப்பாள் இறங்குகிறது. கடைசியில் தன் இடத்தில் விழுகிறது. தரையில் கொஞ்சம் ஈரம். அதுவும் காய்ந்துவிடும்.

1971-ல் வந்த ‘லோ ஸ்ட்ரானோ விட்சியோ டெல்லா சின்யோரா வார்த்’ படத்தின் கடைசிப் பகுதியில் வருகிறது இது. ‘திருமதி வார்த்தின் விசித்திரமான துர்ப்பழக்கம்’ என்று பொருள். இந்தப் படத்தைப் பார்த்தவர்கள் கதாநாயகி எட்விஜ் ஃபெனெக்கின் கண்களைப் பற்றிப் பேசுவார்கள். நோரா ஒர்லாண்டியின் இசையைப் பற்றிப் பேசுவார்கள். அதை க்வென்டின் டரன்டினோ ‘கில் பில்’ இரண்டாம் பாகத்தில் எடுத்துப் போட்டுக்கொண்டதைப் பற்றியும் பேசுவார்கள். எனக்கு அந்தப் பனிக்கட்டிதான் மறக்கவில்லை. இப்படி ஒன்றை உட்கார்ந்து யோசித்த ஆள் யார்? டைட்டில் கார்டில் எழுத்து என்ற தலைப்பின் கீழ்ச் சில பெயர்கள் ஓடும். அவற்றில் நாம் நிறுத்திப் படிக்க வேண்டியது எர்னெஸ்டோ காஸ்டால்டி.

சென்ற இதழ் வரை இயக்குநர்கள் பின்னாலேயே நடந்தோம். மாரியோ பாவா, டாரியோ ஆர்ஜென்டோ என்று வந்தோம். இந்தத் தடவை தட்டச்சுப் பொறிக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவர் பக்கம் போவோம். திகிலிலும் மர்மத்திலும் தனித் தேர்ச்சி பெற்ற முதல் இத்தாலியத் திரைக்கதாசிரியர் என்று இவரைச் சொல்கிறார், பாவாவின் வரலாற்றை எழுதிய விமர்சகர் டிம் லூகாஸ்.

காஸ்டால்டி பிறந்தது 1934-ல். ஊர் வட இத்தாலியில், கம்பளி ஆலைகளுக்குப் பெயர் போன பியெல்லா நகரத்தை ஒட்டிய கிராலியா என்ற மலையடிவாரச் சிற்றூர். 1950-களின் நடுவில் ரோமுக்கு வந்து அரசுத் திரைப்படப் பள்ளியான சென்ட்ரோ ஸ்பெரிமென்டாலேயில் சேர்ந்தார். முசோலினி ஆட்சியில், 1935-ல் தொடங்கிய பள்ளி அது. சினெசித்தா ஸ்டுடியோக்கள் இருக்கும் அதே டஸ்கோலானா சாலையில் இருக்கிறது. பள்ளியிலிருந்து ஸ்டுடியோவுக்கு நடந்தே போய்விடலாம். ஆனால் உள்ளே போகத்தான் ஆள் தெரிந்திருக்க வேண்டும்.

காஸ்டால்டிக்குக் கிடைத்த முதல் வேலைகளில் பெயர் கிடையாது. அப்போது ரோமில் ஊகோ குவெர்ரா போன்ற கதாசிரியர்கள் ஒரே சமயத்தில் நாலைந்து படங்களுக்கு ஒத்துக்கொண்டு முன்பணம் வாங்கிவிடுவார்கள். எழுதுவது வேறு ஆள். அப்படிப் பெயர் போடாமல் எழுதிக் கொடுப்பவரை அந்தத் தொழிலில் ‘நேக்ரோ’ என்பார்கள். கறுப்பினத்தவரைக் குறிக்கும் பழைய வசைச்சொல். நம் ஊர்க் கதை இலாகாக்களில் உட்கார்ந்து எழுதியவர்களுக்கு இந்த வேலையை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. காஸ்டால்டி இப்படிச் சில வருடம் எழுதினார். கூடவே ஜூலியன் பெர்ரி என்ற ஆங்கிலப் புனைபெயரில் மலிவு விலைத் துப்பறியும் நாவல்களும் எழுதினார். வேகம் அங்கே வந்தது. கதை எங்கே முடிகிறது என்று தெரிந்துகொண்டு ஆரம்பிக்கிற பழக்கமும் அங்கேதான் வந்திருக்க வேண்டும்.

சொந்தப் பெயர் கிடைக்கிற காலம் வந்தபோது தயாரிப்பாளர்கள் சொந்தப் பெயரை விரும்பவில்லை! 1957-ல் ரிக்கார்டோ ஃப்ரெடா எடுத்த ‘இ வம்பீரி’ என்ற ரத்தக்காட்டேரிப் படம் ஓடவில்லை. தியேட்டர் வாசலில் போஸ்டரைப் பார்த்துவிட்டு, இயக்குநர் இத்தாலியர் என்று தெரிந்ததும் ஜனங்கள் திரும்பிப் போனதைத் தானே பார்த்ததாக ஃப்ரெடா பின்னாளில் சொன்னார். பேயும் பிசாசும் இங்கிலாந்துக்காரன் சமாசாரம் என்பது அன்றைய ரசிகரின் தீர்ப்பு. அதனால் ஃப்ரெடா ராபர்ட் ஹாம்ப்டன் ஆனார். பாவா, ஜான் எம். ஓல்ட் ஆனார். காஸ்டால்டிக்குத் தன் நாவல் பெயரே இருந்தது. 1962-ல் ஃப்ரெடாவுக்கு அவர் எழுதிய படத்தின் பெயர் ‘லொர்ரிபிலே செக்ரெடோ டெல் டாக்டர் ஹிச்காக்’. இத்தாலிய எழுத்துக்கூட்டலில் ஹிச்காக்கின் பெயரிலிருந்து ஒரே ஓர் எழுத்தைக் கழற்றி வைத்திருந்தார்கள். வழக்கு வராது, கூட்டம் வரும். 

1963-ல் பாவாவின் ‘லா ஃப்ருஸ்டா எ இல் கோர்போ’ வந்தது. அதற்கு முன்னால் தயாரிப்பாளர்கள் காஸ்டால்டியைக் கூப்பிட்டு ஓர் அமெரிக்கப் படத்தைப் போட்டுக் காட்டினார்கள். ரோஜர் கோர்மன் எடுத்த ‘தி பிட் அண்ட் தி பெண்டுலம்’. இந்த மாதிரி ஒன்று வேண்டும் என்பதுதான் உத்தரவு. இதில் கேவலம் ஒன்றுமில்லை. அந்தத் தொழில் நடந்ததே அப்படித்தான். இத்தாலியில் அதற்கு ‘ஃபிலோனே’ என்று பெயர். கனிமம் ஓடுகிற பாறை நரம்பு. எவனாவது ஒருவன் தோண்டும்போது தங்கம் தட்டுப்பட்டால் எல்லாரும் மண்வெட்டியோடு அங்கே ஓடுவார்கள். நரம்பு வற்றும்வரை தோண்டுவார்கள். பிறகு அடுத்த நரம்பு.

பணம் புரண்ட விதமும் இதோடு சேர்ந்தது. தயாரிப்பாளர் கையில் ரொக்கம் இருக்காது. ஒரு தலைப்பு, ஒரு போஸ்டர், இரண்டு நடிகர்களின் பெயர். இவற்றைக் காட்டி ஏரியா வாரியாக விநியோகஸ்தர்களிடம் மினிமம் கேரண்டி வாங்குவார். வருவது பெரும்பாலும் புரோநோட்டு. அதை வங்கியில் மாற்றித்தான் படப்பிடிப்பு. ஆகவே கதாசிரியருக்குப் பல சமயம் தலைப்புதான் முதலில் வரும், கதையை அவர் பின்னால் பொருத்த வேண்டும். ஸ்பெயினோடு கூட்டுத் தயாரிப்பு என்றால் விதிப்படி ஒரு ஸ்பானியக் கதாசிரியரின் பெயரும் டைட்டிலில் ஏற வேண்டும். அவர் ஒரு வரி எழுதினாரா என்பது வேறு விஷயம். முன்பு எழுதியவரின் பெயர் இல்லை. இப்போது எழுதாதவரின் பெயரும் இருக்கிறது. இந்தக் காலப் படங்களின் டைட்டில் கார்டைச் சாட்சியாக வைத்து யாரும் சத்தியம் செய்துவிடக் கூடாது.

இத்தனை நெருக்கடிக்கு நடுவிலும் காஸ்டால்டிக்கென்று ஒரு பிடிவாதம் இருந்தது. கொலைக்குக் கணக்கு வேண்டும் என்பதுதான் அது.

அவர் குரு ஒரு பிரெஞ்சுப் படம். 1955-ல் ஹென்றி-ஜார்ஜ் க்ளூஸோ எடுத்த ‘லே தியபோலிக்’. இருவர் சேர்ந்து மூன்றாவது ஆளைப் பயத்தாலேயே கொல்லும் கதை. பேய் மாதிரித் தெரிவது பேயில்லை, திட்டம். காஸ்டால்டி இந்த ஒரு கருவை இருபது வருடம் பிழிந்தார் என்று சொன்னால் மிகையில்லை. அவர் கதைகளில் திரைச்சீலை அசைகிறதென்றால் பின்னால் காற்று இருக்காது, ஆள் இருப்பான். அவன் சட்டைப்பையில் ஓர் உயிலோ இன்ஷூரன்ஸ் பாலிசியோ இருக்கும். ஆர்ஜென்டோவின் படங்களில் தர்க்கம் ஓட்டை என்று காஸ்டால்டி பேட்டிகளில் குறைபட்டதுண்டு. இது தொழில் பொறாமை மட்டுமல்ல. ஆர்ஜென்டோவின் கொலைகாரர்களுக்குச் சிறு வயதில் பட்ட ஒரு காயம் போதும், கத்தி எடுத்துவிடுவார்கள். காஸ்டால்டியின் ஆள் கத்தி எடுப்பதற்கு முன்னால் கூட்டல் கழித்தல் போட்டுப் பார்ப்பான்.

1965-ல் அவரே இயக்கியும் பார்த்தார். ‘லிபிடோ’, கறுப்பு வெள்ளை. நண்பர் விட்டோரியோ சலேர்னோவோடு சேர்ந்து எடுத்தது. ஒரு வீடு, நான்கே பாத்திரங்கள். சிறு வயதில் தன் அப்பா ஒரு பெண்ணைக் கொன்றதை நேரில் பார்த்த மகன், வளர்ந்து மனைவியோடு அதே வீட்டுக்குத் திரும்புகிறான். அப்பா செத்தாரா இல்லையா என்று சந்தேகம் வரும்படி வீட்டுக்குள் ஏதேதோ நடக்கிறது. பைத்தியமாகிறானா, பைத்தியமாக்குகிறார்களா? அந்த மகனாக நடித்த இளைஞனுக்கு அதுதான் முதல் படம். டைட்டிலில் ஜான் சார்லி ஜான்ஸ் என்று போட்டார்கள். உண்மைப் பெயர் ஜியான்கார்லோ ஜியானினி. பிற்பாடு லீனா வெர்ட்முல்லர் படங்களில் உலகப் புகழ் பெற்ற அதே ஜியானினிதான். கதாநாயகிகளில் ஒருவர் மாரா மாரில், காஸ்டால்டியின் மனைவி. விட்டோரியோவின் அண்ணன் என்ரிகோ மரியா சலேர்னோ அப்போதே பெரிய நடிகர். இந்தப் பெயரைக் கொஞ்சம் நினைவில் வையுங்கள். இரண்டு முறை திரும்பி வருவார்.

இடையில் வெஸ்டர்ன்கள் வந்தன. பள்ளித் தோழர் டோனினோ வலேரிக்காக எழுதிய ‘இ ஜோர்னி டெல்லீரா’ 1967-ல். ஹென்றி ஃபோண்டாவும் டெரன்ஸ் ஹில்லும் நடித்து, செர்ஜியோ லியோனே மேற்பார்வையில் வலேரி இயக்கிய ‘மை நேம் இஸ் நோபடி’ 1973-ல். காஸ்டால்டியை வெளிநாட்டில் பலருக்குத் தெரிந்ததே அந்தப் படத்தால்தான். ஆனால் அது நம் தொடருக்குள் வராது. குற்றத்துக்கே திரும்புகிறேன்.

1960-களின் கடைசியில் அவர் லூச்சியானோ மார்ட்டினோ என்ற தயாரிப்பாளரோடு நிலைத்தார். லூச்சியானோவின் தம்பிதான் இயக்குநர் செர்ஜியோ மார்ட்டினோ. இருவரும் ஜெனாரோ ரிகெல்லியின் பேரன்கள். 1930-ல் இத்தாலியின் முதல் பேசும் படத்தை எடுத்தவர் அந்தத் தாத்தா. சினிமாவைக் குடும்பத் தொழிலாகவே பார்த்தவர்கள். 1968-ல் கரோல் பேக்கரும் ழான் சொரெலும் நடித்த ‘இல் டோல்சே கோர்போ டி டெபோரா’ ஓடியது. புது நரம்பு தட்டுப்பட்டது: பணக்காரப் பெண், அழகான கணவன், விமான நிலையங்கள், நல்ல உடைகள், யாரோ அவளைப் பயமுறுத்துகிறார்கள். 1970-ல் ஆர்ஜென்டோவின் ‘படிகச் சிறகுப் பறவை’ வந்து வசூலை அள்ளியதும், இதே கதைக்குள் கையுறையும் சவரக்கத்தியும் நுழைந்தன. இரண்டும் சேர்ந்து பிறந்ததுதான் வார்த் படம்.

அதன் முடிச்சை இங்கே அவிழ்க்காமல் காஸ்டால்டியைப் பற்றிப் பேச முடியாது. படம் பார்க்காதவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடலாம்.

வியன்னா நகரத்தில் ஒரு சவரக்கத்திக் கொலைகாரன் பெண்களைக் கொன்றுகொண்டிருக்கிறான். தூதரக அதிகாரியின் மனைவி ஜூலிக்கு ஒரு பழைய காதலன், கொடுமைக்காரன். புதிதாக ஒரு காதலனும் வருகிறான். சுற்றி ஒவ்வொருவராகச் சாகிறார்கள். பழைய காதலன்தான் அந்தக் கொலைகாரன் என்று அவளும் நினைக்கிறாள், நாமும் நினைக்கிறோம். ஆனால் நிஜமான பைத்தியக்காரன் படத்தின் நடுவிலேயே, கதைக்குச் சம்பந்தமில்லாத ஒரு வீட்டில், தான் கொல்லப் போன பெண்ணின் கையால் செத்துப்போகிறான். அவன் யாருமில்லை. கணவனும் புதுக் காதலனும் கூட்டாளிகள். ஒருவனுக்கு வேண்டிய சாவை மற்றவன் செய்து கொடுப்பது ஒப்பந்தம். ஹிச்காக்கின் ரயில் படத்தில் பார்த்த பழைய பண்டமாற்று. ஊரில் ஒரு பைத்தியக்காரன் திரிவது இவர்களுக்குக் கிடைத்த அதிர்ஷ்டம். எந்தப் பிணம் விழுந்தாலும் போலீஸ் அவன் கணக்கில் எழுதிவிடும்.

மற்றவர்கள் இந்தப் பைத்தியக்காரனையே கதையாக்கியிருப்பார்கள். காஸ்டால்டி அவனைத் திரையாக்கினார், கதை அதன் பின்னால் நடந்தது. பயம் ஒரு பண்டம் என்பதையும், அதை உருவாக்குகிறவன் வேறு, உபயோகிக்கிறவன் வேறு என்பதையும் அவர் பிடித்துக்கொண்டார். இதை இப்போதைக்கு வைத்துக்கொள்ளுங்கள், கொஞ்சம் கழித்து வேண்டியிருக்கும்.

அந்த வார்த் என்ற பெயரின் கடைசியில் ஒட்டிக்கொண்டிருக்கும் உபரி எழுத்துக்கும் ஒரு கதை உண்டு. வார்ட் என்ற குடும்பப் பெயர் கொண்ட ஒரு பெண்மணி, தன் பெயர் கெடுகிறது என்று வழக்குப் போடப்போவதாகச் சொன்னாராம். உடனே ஓர் எழுத்தைக் கூட்டிவிட்டார்கள். டாக்டர் ஹிச்காக்கில் ஓர் எழுத்தைக் கழித்தார்கள் அல்லவா, கணக்கு நேராகிவிட்டது.

அடுத்த இரண்டு வருடம் காஸ்டால்டி எழுதிய வேகத்தைப் பார்த்தால் மூச்சு வாங்குகிறது. 1971-லேயே ‘லா கோடா டெல்லோ ஸ்கோர்பியோனே’. லண்டனில் தொடங்கி ஏதென்ஸில் நடக்கும் கதை. விமானம் வெடித்துச் செத்தவனின் 10 லட்சம் டாலர் இன்ஷூரன்ஸ். நாயகி என்று நாம் நம்பியவள் பாதியிலேயே போய்விடுகிறாள். அதே காலத்தில் லூச்சியானோ எர்கோலிக்கு இரண்டு படங்கள். 1972-ல் மார்ட்டினோவுக்கே ‘இருட்டின் எல்லா நிறங்களும்’ என்ற பொருளில் ஒன்று. இன்னொன்றுக்கு ‘உன் துர்ப்பழக்கம் பூட்டிய அறை, சாவி என்னிடம் மட்டும்’ என்று பெயர். அந்தத் தலைப்பு எங்கிருந்து வந்தது தெரியுமா? வார்த் படத்தில் பழைய காதலன் பூங்கொத்தோடு அனுப்பும் சீட்டில் எழுதியிருக்கும் வாசகம். ஒரு படத்தில் மிச்சமானதை அடுத்த படத்துக்கு வாசலில் மாட்டிவிட்டார்கள்.

இந்தப் படங்களின் ஒரு முகத்தைச் சொல்லாமல் விட்டால் நேர்மையாகாது. கத்தி எப்போதும் பெண்ணின் உடம்பைத்தான் தேடுகிறது. அவள் குளியலறை, அவள் படுக்கை, அவள் அலறல். இவைதான் போஸ்டர், இவைதான் மினிமம் கேரண்டி. காஸ்டால்டியின் கணக்குப்பிள்ளைக் கொலைகாரர்கள் புத்திசாலிகளாக இருக்கலாம்; அவர்கள் புத்தியைக் காட்ட ஒவ்வொரு முறையும் ஒரு பெண்ணைத் தரையில் கிடத்த வேண்டியிருந்தது. நான் இவற்றை விரும்பிப் பார்ப்பவன்தான். ஆனாலும் இரண்டு படங்களைத் தொடர்ந்து பார்க்க முடிவதில்லை.

அவர் தன் விதியை மீறியது 1973-ல், மார்ட்டினோவுடன் சேர்ந்து எழுதிய படத்தில். வெளியுலகில் ‘டோர்ஸோ’ என்று தெரியும். இத்தாலியத் தலைப்பு, உடல்களில் பாலியல் வன்முறையின் தடயங்கள் உள்ளன என்று போலீஸ் அறிக்கை போலப் படிக்கும். பெரூஜா நகரத்துக் கல்லூரிப் பெண்கள், சின்ன வயதுக் காயம் கொண்ட ஒரு கொலைகாரன். ஆர்ஜென்டோவிடம் அவர் கிண்டல் செய்த அதே சரக்கு. ஆனால் கடைசி அரைமணி நேரம் வேறு உலகம். கால் சுளுக்கிய ஒரு பெண் மலைமேல் வீட்டில் ஓர் அறைக்குள் மாட்டிக்கொள்கிறாள். வெளியே கொலைகாரன் இருக்கிறான், அவள் உள்ளே இருப்பது அவனுக்குத் தெரியாது. கதவிடுக்கு வழியாக அவள் பார்க்கிறாள், அவன் தன் வேலையைச் செய்கிறான். பேச்சே கிட்டத்தட்டக் கிடையாது. வசனத்துக்குக் கூலி வாங்குகிற ஆள் வசனத்தைக் கீழே வைத்துவிட்ட இடம்.

இனி தெருவுக்கு வருவோம்.

1969 டிசம்பர் 12, வெள்ளிக்கிழமை மாலை. மிலான் நகரத்தின் பியாட்ஸா ஃபொன்டானா சதுக்கத்தில் இருந்த விவசாய வங்கியில் குண்டு வெடித்தது. 17 பேர் இறந்தார்கள். போலீஸ் முதலில் பிடித்தது அராஜகவாதிகளை. விசாரணைக்குக் கொண்டுபோன ரயில்வே தொழிலாளி ஜியுசெப்பே பினெல்லி மூன்றாம் நாள் இரவு போலீஸ் தலைமையகத்தின் ஜன்னலிலிருந்து விழுந்து செத்தார். அந்த விசாரணைக் குழுவில் இருந்த கமிஷனர் லூயிஜி கலாப்ரேசியை 1972 மே 17-ல் அவர் வீட்டு வாசலிலேயே சுட்டுக் கொன்றார்கள். வங்கிக் குண்டு நவபாசிசக் கும்பலின் வேலை என்று நீதிமன்றங்கள் சொல்வதற்கு வெகுகாலம் ஆயிற்று. மக்களைப் பயத்திலேயே வைத்திருந்தால் அவர்களே கடுமையான ஆட்சியைக் கேட்பார்கள் என்ற திட்டத்துக்கு ‘பதற்ற உத்தி’ என்று இத்தாலியப் பத்திரிகைகளில் பெயர் நிலைத்துவிட்டது. வங்கிக் கொள்ளை, ஆள்கடத்தல் எல்லாம் கூடவே பெருகின. 1973-ல் ரோம் தெருவிலிருந்து எண்ணெய் அதிபர் கெட்டியின் பேரனையே தூக்கிக்கொண்டு போனார்கள்.

வியன்னாவுக்கும் ஏதென்ஸுக்கும் பறந்துகொண்டிருந்த கதைகள் இந்த நேரத்தில் மிலானில் வந்து இறங்கின. தொடங்கி வைத்தது காஸ்டால்டி இல்லை. 1972-ல் ‘லா பொலிட்சியா ரிங்க்ராட்சியா’, அதாவது ‘போலீஸ் நன்றி சொல்கிறது’ வெளிவந்தது. ஸ்டேனோ என்ற பெயரில் சிரிப்புப் படங்களே எடுத்துக்கொண்டிருந்தவர், இதில் ஸ்டெஃபானோ வன்சீனா என்று முழுப்பெயர் போட்டுக்கொண்டார். விளையாட்டில்லை என்று சொல்லத்தான். அதில் கமிஷனர் பெர்ட்டோனேயாக நடித்தவர் நான் நினைவில் வைக்கச் சொன்ன என்ரிகோ மரியா சலேர்னோ. படம் ஓடு ஓடு என்று ஓடியது. உடனே எல்லாத் தலைப்பிலும் போலீஸ் எழுவாயாக வந்து உட்கார்ந்தது. போலீஸ் குற்றம் சாட்டுகிறது, போலீஸ் உதவி கேட்கிறது, போலீஸ் கைகட்டி நிற்கிறது. விமர்சகர்கள் மூக்கைச் சுளித்துக்கொண்டு ‘பொலிட்சியோட்டெஸ்கோ’ என்று பெயர் வைத்தார்கள். போலீஸ்காரத்தனம் என்கிற மாதிரி ஓர் ஏளனம். அந்த ஏளனமே பிறகு பெயராகிவிட்டது.

1973-ல் காஸ்டால்டி எழுதி செர்ஜியோ மார்ட்டினோ எடுத்தது ‘மிலானோ ட்ரெமா: லா பொலிட்சியா வுவோலே ஜுஸ்டிட்சியா’. மிலான் நடுங்குகிறது, போலீஸ் நீதி கேட்கிறது. கமிஷனர் கனெபரோவாக லூக் மெரெண்டா. மேலதிகாரி கொல்லப்படுகிறார், கனெபரோ கொள்ளைக்காரர் கூட்டத்தில் கார் ஓட்டியாக நுழைகிறார். துரத்தல், சிதறும் கண்ணாடி எல்லாம் உண்டு. உள்ளே போகப்போக ஒன்று தெரிகிறது. கொள்ளையும் கொலையும் தன்பாட்டில் நடப்பவை இல்லை. ஊர் பயந்து கிடக்க வேண்டும் என்பதற்காக யாரோ நடத்துகிறார்கள். அந்த யாரோ போலீஸுக்குள்ளேயே, கனெபரோவுக்கு மேல் நாற்காலியில் இருக்கிறான்.

வார்த் படத்தை எடுத்துப் பக்கத்தில் வையுங்கள். அங்கே சவரக்கத்திப் பைத்தியம், இங்கே தெருக் கொள்ளையர்கள். அங்கே கணவன், இங்கே உயரதிகாரி. பைத்தியக்காரனைத் திரையாக வைத்துப் பின்னால் கணக்குப் போடுகிற அதே சூத்திரம். ஒரு மாளிகையின் படுக்கையறைக்காகக் காஸ்டால்டி செய்து வைத்திருந்த இயந்திரம், ஒரு நாட்டு அரசியலுக்கு அப்படியே பொருந்திவிட்டது. அவர் தீர்க்கதரிசி என்று சொல்ல வரவில்லை. நாடு அவர் கதைக்குள் வந்து நுழைந்துகொண்டது, அவ்வளவுதான்.

இந்த இடத்தோடு அவர் நின்றிருந்தால் கெட்டிக்காரக் கைவினைஞர் என்று எழுதிவிட்டு நானும் முடித்திருப்பேன். அடுத்த வருடம் அவர் எழுதியது எல்லாவற்றையும் புரட்டிப் போட்டது.

‘மிலானோ ஓடியா: லா பொலிட்சியா நோன் புவோ ஸ்பராரே’. மிலான் வெறுக்கிறது, போலீஸால் சுட முடியாது. 1974. இயக்கம் உம்பெர்டோ லென்சி, இசை என்னியோ மொரிகோனே. மையத்தில் ஜூலியோ சக்கி என்ற ஒரு சில்லறைத் திருடன். படத்தின் முதல் காட்சியே அவன் யார் என்பதைச் சொல்லிவிடுகிறது. வங்கிக்குள் கூட்டாளிகள் கொள்ளையடிக்கிறார்கள். வெளியே காரில் இவன் காத்திருக்க வேண்டும். அவ்வளவுதான் அவனுக்குக் கொடுத்த வேலை. ஒரு போக்குவரத்துப் போலீஸ்காரர் வந்து வண்டியை எடுக்கச் சொல்கிறார். பயந்துபோய் அவரைச் சுட்டுவிடுகிறான். கொள்ளை நாறிப்போகிறது, கூட்டத்தார் இவனைப் புரட்டி எடுக்கிறார்கள். பிறகு தெருவோர விற்பனை இயந்திரத்தை உடைத்துச் சில்லறை பொறுக்கும்போது ஒரு போலீஸ்காரர் பார்த்துவிடுகிறார், அவரையும் கொல்கிறான். எதற்கு? ஒரு பிடி நாணயத்துக்கு.

பிறகு பெரிய ஆளாக வேண்டும் என்று ஆசை வருகிறது. ஒரு பணக்காரரின் மகளைக் கடத்துகிறான். அவள் தப்பி ஒரு வீட்டுக்குள் ஓடுகிறாள். அந்த வீட்டில் இருந்தவர்களின் கதி என்ன என்பதை நான் எழுதப் போவதில்லை. தன்னை நேசித்த பெண்ணைக் காரோடு ஏரியில் தள்ளுகிறான். கடைசியில் கூட்டாளிகளையும் விடுவதில்லை. இவனுக்குப் பின்னால் யாருமில்லை. கணவன் இல்லை, உயரதிகாரி இல்லை, இன்ஷூரன்ஸ் பாலிசி இல்லை. கடத்தல் பணம்கூட ஒரு சாக்குத்தான். இத்தனை வருடமாகக் கொலைக்குக் கணக்குக் கேட்ட ஆள், கணக்கே இல்லாத ஒரு கொலைகாரனை எழுதிவிட்டார். டோர்ஸோவின் கொலைகாரனுக்கு ஒரு சின்ன வயதுக் காயமாவது கொடுத்தார். சக்கிக்கு அதுவும் கிடையாது. அவன் அப்பா அம்மாவைப் பற்றி நமக்கு எதுவும் தெரியாது.

நடித்தவர் டோமஸ் மிலியன். ஹவானாவில் பிறந்து, நியூயார்க்கின் ஆக்டர்ஸ் ஸ்டுடியோவில் படித்து, ரோமில் நட்சத்திரமானவர். அன்றைய இத்தாலியப் படங்களுக்குப் பேச்செல்லாம் பிறகு டப்பிங்கில்தான். மிலியனுக்குக் குரல் கொடுத்தவர் ஃபெருச்சியோ அமெண்டோலா. இத்தாலிய ரசிகர்கள் ராபர்ட் டி நீரோவையும் ஆல் பசினோவையும் கேட்டது அதே தொண்டையில்தான். எதிரில் கமிஷனர் கிராண்டியாக ஹென்றி சில்வா, கல்லில் செதுக்கின முகம். அந்த முகத்துக்கு எதிரில் மிலியன் சிணுங்குகிறார், கெஞ்சுகிறார், திடீரென்று கொல்கிறார். கோழையை இவ்வளவு பயங்கரமாக யாரும் எழுதவில்லை. அவன் வலிமையால் கொல்வதில்லை, பயத்தால் கொல்கிறான். முதல் காட்சியில் காரை எடுக்கச் சொன்ன போலீஸ்காரரிலிருந்து கடைசிவரை அதுதான்.

சாட்சியம் போதாது என்று சட்டம் சக்கியை விட்டுவிடுகிறது. கிராண்டி அவனைத் தேடிப் போய்ச் சுடுகிறார். சக்கி குப்பைக் குவியலில் விழுகிறான். இடதுசாரி விமர்சகர்கள் இந்த வகைப் படங்களைப் பாசிசம் என்றே திட்டினார்கள். போலீஸ் கையில் நீதியைக் கொடுக்கச் சொல்கிறது என்பது குற்றச்சாட்டு. மற்ற பல படங்களுக்கு அது பொருந்தும் என்றே நினைக்கிறேன். இந்தப் படத்தில் அந்தத் துப்பாக்கிச் சத்தத்துக்குப் பிறகு வெற்றியின் ருசி இல்லை. எனக்கு ஏற்படவில்லை, சொல்கிறேன்.

அதற்குப் பிறகும் காஸ்டால்டி எழுதினார். 1975-ல் மார்ட்டினோவுக்காக ‘லா சித்தா ஜோகா தாட்ஸார்டோ’, சூதாட்ட உலகக் கதை. அதில் பிரெசிடெண்ட் என்று எல்லாரும் கூப்பிடும் சூதாட்டத் தலைவனாக வருபவர், மூன்று வருடம் முன்பு நேர்மையான கமிஷனராக இருந்த அதே சலேர்னோ. அதே வருடம் ‘மோர்த்தே சொஸ்பெட்டா டி உனா மினொரென்னே’ வந்தது. சவரக்கத்தி மர்மமும் போலீஸ் துரத்தலும் நகைச்சுவையும் ஒரே பாத்திரத்தில் கொட்டிக் கிளறியது. சில இடம் நன்றாக வெந்திருக்கும், சில இடம் வேகவில்லை. 1977-ல் லென்சியின் ‘இல் சினிகோ, லின்ஃபாமே, இல் வியோலென்டோ’வில் அவர் பெயர் மற்றவர்களோடு சேர்ந்து வருகிறது.

அதற்குள் தியேட்டர்கள் காலியாகத் தொடங்கிவிட்டன. 1976-ல் அரசியல் சட்ட நீதிமன்றம் உள்ளூர்த் தனியார் தொலைக்காட்சிகளுக்கு வழிவிட்டது. அவை நாள் முழுக்கப் பழைய படங்களைப் போட்டுத் தள்ளின. 1955-ல் இத்தாலியில் விற்ற சினிமா டிக்கெட்டுகள் சுமார் 82 கோடி. 1980-ல் சுமார் 24 கோடி. முதலில் செத்தது மூன்றாம் சுற்றுக் கொட்டகைகள், நம் கணக்கில் சி சென்டர். குற்றப்படங்கள் பிழைத்ததே அங்கேதான். அவற்றை மறுபடி எடுத்துத் தூசி தட்டிப் பார்க்க 2004 வரை ஆயிற்று. அந்த வருட வெனிஸ் விழாவில் இந்தப் படங்களுக்கென்று ஒரு பிரிவே வைத்தார்கள், டரன்டினோ முன்னால் நின்றார்.

1977 படத்தில் காஸ்டால்டியோடு சேர்ந்து வந்த பெயர்களில் ஒன்று தர்தானோ சக்கெட்டி. வயதில் பத்து இளையவர். கணக்கைப் பற்றிக் கவலைப்படாத தலைமுறை. 1974-ல் குப்பைக் குவியலில் விழுந்து செத்த டோமஸ் மிலியன், இரண்டே வருடத்தில் அதே லென்சியின் இன்னொரு படத்தில், ஊர் கொண்டாடும் ரோமாபுரித் திருடனாக எழுந்து வந்தார். லென்சியோடு சேர்ந்து அதை எழுதியவர் சக்கெட்டி. அந்தத் திருடனின் பெயர் மொனெட்ஸா. ரோம் கொச்சையில் அதற்குக் குப்பை என்று அர்த்தம்.

(அடுத்த இதழில்: மொனெட்ஸா)